உள்தாழ்ப்பாள்

டொக் என்று ஏதோ விழுந்தது. பிறகு சர்ரென்று எதையோ பலகையோடு சேர்த்து இழுக்கிற மாதிரி ஒரு தேய்ப்பு. பிறகு ஒன்றுமில்லை. பெனிட்டா பால் புட்டி கழுவிக்கொண்டிருந்த கையை அப்படியே நிறுத்தினாள், குழாயையும் மூடினாள், மூடினால்தானே கேட்கும், கேட்டு என்ன செய்யப் போகிறோம் என்பது வேறு விஷயம். இருட்டி அதிக நேரம் ஆகவில்லை. எதிர்வீட்டில் தோசைக்கல்லில் தண்ணீர் தெளிக்கிற சத்தம் கேட்கிறது, தெருமுனையில் மருந்துக்கடை திறந்திருக்கும், கத்தினால் நாலு பேர் வருவார்கள். ஆனால் கத்த வேண்டுமே. பயம் வந்தால் அவளுக்கு வாய் திறக்காது, நாக்கு மேலண்ணத்தில் போய் ஒட்டிக்கொள்ளும், சின்ன வயதிலிருந்தே அப்படித்தான். பயப்படுவதற்கு அவளுக்கு இருட்டுகூட வேண்டியதில்லை, பட்டப்பகலில் பஸ்ஸில் பாதி தூரம் போன பிறகு கேஸை மூடினோமா என்று இறங்கித் திரும்பி வந்தவள். ரூபி பிறந்த பிறகு, தூங்குகிற குழந்தையின் மூக்குக்குக் கீழே விரல் வைத்துப் பார்ப்பதும் சேர்ந்துகொண்டது. ஈர விரல் பட்டு அது விழித்துக்கொண்டு வீறிட்டால், அப்பாடா, மூச்சு இருக்கிறது என்று அவளுக்கு ஒரு நிம்மதி. புருஷன் கிளமெண்ட் தலையில் அடித்துக்கொள்வான். அவன் இப்போது சரக்கு ரயிலை ஓட்டிக்கொண்டு ஈரோட்டுப் பக்கம் எங்கோ போய்க்கொண்டிருப்பான், நாளை மத்தியானம்தான் திரும்புவான், என்ஜினுக்குள் இருக்கும்போது போனை எடுக்க மாட்டான். டொக். மறுபடியும். அதே சர்ர். சத்தம் தெருவிலிருந்து வரவில்லை, மாடியிலிருந்தும் இல்லை. காம்பவுண்டுக்குள்ளே கேட் ஓரமாக இருக்கிற ஸ்கூட்டர் ரூமிலிருந்து வருகிறது. அங்கே இன்றைக்குத்தான் முதன்முதலாகப் பவுனக்கா படுத்திருக்கிறாள்.

பவுனக்காவை அவளாகத் தேடிப் போகவில்லை, பவுனக்காவும் அவளைத் தேடி வரவில்லை. பெனிட்டா பாதி நாள் வேலை பார்க்கிற இ-சேவை மையம் பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் இருக்கிறது, அதன் படிக்கட்டு நிழலில் ஒருநாள் மழைக்கு வந்து ஒதுங்கியவள் பவுனு. இடது காலும் இடது கையும் இளம்பிள்ளைவாதத்தில் சூம்பிப் போனவை, வலது கையில் ஒரு ஊன்றுகோல், அதன் அடியில் இருந்த ரப்பர் எப்போதோ தேய்ந்து போய் வெறும் இரும்பு தரையைத் தட்டும். கட்டணக் கழிப்பறை வாசல்தான் அவள் பிழைப்பு. வெளியூர்க்காரர்கள் பையை அவளிடம் விட்டுவிட்டு உள்ளே போவார்கள், திரும்பி வரும்போது சில்லறை கொடுப்பார்கள். ஒரு பைகூட இன்றுவரை காணாமல் போனதில்லை, அதைச் சொல்லும்போது மட்டும் முகத்தில் ஒரு மிடுக்கு வரும். ராத்திரி படுக்கை அதே சுவர் ஓரம். உங்களுக்கு மாதாமாதம் உதவித்தொகை வரணுமேக்கா என்று பெனிட்டாதான் வாயைக் கொடுத்தாள், அன்றைக்கு மின்சாரம் போயிருந்தது, சும்மா உட்கார்ந்திருந்தாள், அவ்வளவுதான். டாக்டர் குழு முக்கால்வாசிக்கு மேல் ஊனம் என்று கையெழுத்துப் போட்டுவிட்டது. ஆதார் ஒரு வழியாகக் கிடைத்துவிட்டது. கம்ப்யூட்டரில் கதவு எண் என்கிற கட்டத்துக்கு வந்ததும் எல்லாம் நின்றது. அதை நிரப்பாவிட்டால் அடுத்த பக்கம் திறக்காது, சிவப்பு நட்சத்திரம் முறைத்துக்கொண்டே இருக்கும். கதவே இல்லியே பாப்பா, நம்பருக்கு எங்க போறது என்று பவுனக்கா சிரித்தாள், அது அவளுக்கு உண்மையிலேயே வேடிக்கையாகத்தான் இருந்தது. வீடில்லாதவர்களுக்கு நகராட்சி விடுதி ஒன்று இருக்கிறதே என்று கேட்டதற்கு மட்டும் சிரிப்பு போய்விட்டது. ஒருதடவ போனேன், ராத்திரி வெளிய பூட்டிட்டுப் போயிட்டாங்க, உள்ள எவ வேணா எவ மேல வேணா விழலாம், கதவத் தட்டுனாத் தெறக்க ஆளில்ல, நமக்கு அது ஒத்து வராது. அந்த நட்சத்திரம் முறைத்துக்கொண்டே இருந்தது, வரிசையில் ஆட்கள் சேர்ந்துவிட்டார்கள், பெனிட்டா தன் வீட்டுக் கதவு எண்ணை அடித்துவிட்டாள்.

அடித்துவிட்டு அன்றைக்கு ராத்திரி தூங்கவில்லை. கான்வென்டில் பன்னிரண்டு வருஷம் படித்தவளுக்குப் பொய் சொல்லத் தெரியாது என்பதில்லை, சொன்ன பிறகு அதை வயிற்றில் வைத்துக்கொள்ளத் தெரியாது. கடைசியில் கிளமெண்டிடம் சொன்னாள், அவன், பொய்யா இருந்தாத்தான தப்பு, நெசமாக்கிட்டாப் போச்சு, அப்பா ஸ்கூட்டர் நிறுத்துன ரூம் சும்மாத்தான கெடக்கு, இருந்துட்டுப் போகட்டும், உனக்குப் பயமில்லேன்னா எனக்கென்ன என்றான். எனக்குப் பயமில்லேன்னா. அவளுக்கு, பயமில்லாமல். இந்த ஊரிலேயே அப்படி ஒரு நிபந்தனை போட அவனால்தான் முடியும். ஆனால் பவுனக்கா வரவில்லை. இன்னைக்கு வரேன், நாளைக்கு வரேன் என்று இழுத்தடித்தாள், கடைசியில் வருவாய் ஆய்வாளர் நேரில் பார்க்க வருகிற அன்று காலையில்தான் வந்து ஸ்கூட்டர் ரூம் வாசலில் மூட்டையோடு உட்கார்ந்தாள். ரூபி அந்த நேரம் பார்த்து உடம்பெல்லாம் நனைத்துக்கொண்டாள், பெனிட்டா உள்ளே துணி மாற்றிக்கொண்டிருந்தாள், ஜன்னல் வழியாக எல்லாம் காதில் விழுந்தது. கையில் ஃபைலோடு வந்தவர் சாதாரணமாகத்தான் கேட்டார், ஏம்மா, நீ இங்கதான் இருக்கியா? ஊன்றுகோல் அவசரமாகத் தரையைத் தட்டியது. இல்லீங்க ஐயா, சும்மா உக்காந்தேன், இந்தா கெளம்பிட்டேங்க ஐயா. பெனிட்டா குழந்தையைத் தூக்கிக்கொண்டு ஓடி வருவதற்குள் பவுனக்கா கேட்டைத் தாண்டிவிட்டாள், அந்தக் காலோடு அவ்வளவு வேகமாகப் போக முடியும் என்று யாரும் நினைத்திருக்க மாட்டார்கள். ஃபைலோடு வருகிற ஆள் கேட்கிற இந்தக் கேள்விக்கு நடைபாதையில் ஒரே ஒரு பதில்தான் உண்டு, அதை இத்தனை வருஷமாகச் சொல்லிச் சொல்லி அவள் வாய்க்குப் பழகியிருந்தது. ஆய்வாளர் கெட்டவர் இல்லை, அவரே திகைத்துப் போய்விட்டார். அவங்களே இல்லேங்கறாங்க, நான் என்னம்மா எழுதறது என்றார். மனு தள்ளுபடி. மறுபடி முதலிலிருந்து போட்டு, மறுபடி அலைந்து, நாளைக் காலை அவர் மறுபடி வருகிறார். இந்தத் தடவையும் ஆள் இல்லேன்னா அப்புறம் எங்கிட்ட கேக்காதீங்க என்று போனில் சொல்லிவிட்டுத்தான் வருகிறார்.

டொக். இந்தத் தடவை சத்தம் கொஞ்சம் பெரியது, கூடவே ஒரு முனகல். பெனிட்டா ஜன்னல் ஓரம் போனாள், விளக்கை அணைத்துவிட்டுப் போனாள், அணைத்தது எதற்கென்று அவளுக்கே தெரியவில்லை. ஸ்கூட்டர் ரூம் வாசலில் விளக்கு இல்லை, கதவு இருட்டோடு இருட்டாக இருந்தது, அது லேசாக ஆடுகிற மாதிரியும் இருந்தது ஆடாத மாதிரியும் இருந்தது. யாராவது உள்ளே புகுந்துவிட்டார்களா? அல்லது பவுனக்காவே யாரையாவது, சீச்சீ, இதென்ன நினைப்பு. ஆனால் வந்துவிட்டதே நினைப்பு. இது தன் நினைப்பு இல்லை, சாயங்காலம் எதிர்வீட்டு அமலோற்பவம் ஆன்ட்டி கேட் மேல் கை வைத்துக்கொண்டு ஊட்டிவிட்டுப் போனது, பச்சப்புள்ளைய வச்சுக்கிட்டு, புருஷன் ராத்திரி வண்டிக்குப் போற வீட்டுல, தெருவுல கெடந்தவள, உனக்குத் தைரியம் ஜாஸ்திதாம்மா. தைரியம் ஜாஸ்தி என்று அவளை வாழ்க்கையில் யாரும் சொன்னதில்லை, சொன்னதும் இருக்கிற தைரியமும் போய்விட்டது. அதனால்தான் பவுனக்காவுக்குச் சோறும் மீன் குழம்பும் கொடுத்துவிட்டு வந்ததும் வாசல் கதவைச் சாத்தி மேல்தாழ்ப்பாள், கீழ்த்தாழ்ப்பாள், நடுவில் குறுக்குக் கம்பி, மூன்றையும் ஒன்றன்பின் ஒன்றாகப் போட்டாள். எண்ணெய் போட்ட தாழ்ப்பாள்கள் அல்ல அவை, ஒவ்வொன்றும் தெருவுக்கே கேட்கும். முற்றத்துக்கு அந்தப் பக்கம் முதல் உருண்டையை வாயில் வைத்தபடி பவுனக்கா மூன்றையும் கேட்டிருப்பாள். கேட்டு என்ன நினைத்திருப்பாள்? கோபித்துக்கொண்டிருப்பாளா? கோபித்துக்கொண்டு இப்போது மூட்டையைக் கட்டுகிறாளா? அந்த நினைப்பு வந்ததும் முதல் பயம் போய் அதன் இடத்தில் இன்னொன்று வந்து உட்கார்ந்தது. உள்ளே யாரோ வருகிறார்கள் என்பதைவிட, அவள் போகிறாள் என்பதுதான் பெரிய பயமாக இருந்தது. போனால் விடிவதற்குள் போய்விடுவாள், நாளைக்கு ஃபைல் வரும், வாசல் காலியாக இருக்கும், பிறகு சாகும்வரை அந்தச் சுவர் ஓரம்தான்.

போக மாட்டாள், போவதாக இருந்தால் சத்தம் இப்படி இருக்காது, அவளுக்குச் சத்தமில்லாமல் போகத் தெரியும். பின்னே என்ன சத்தம் இது? டொக், சர்ர். விழுகிறது, வழுக்குகிறது. விழுவது இரும்பு. ஊன்றுகோல் விழுகிறது. வழுக்குவது? பெனிட்டா குளிர்ந்த ஜன்னல் கம்பியில் நெற்றியை வைத்துக்கொண்டாள், திடீரென்று விடுதிக் குளியலறையின் சோப்பு வாசனை மூக்கில் ஏறியது. கான்வென்ட் விடுதியில் வரிசையாகப் பத்துக் குளியலறைகள், ஒன்றிலும் தாழ்ப்பாள் கிடையாது, பெண் பிள்ளைகள் உள்ளே மயங்கி விழுந்துவிட்டால் திறக்க வேண்டுமே என்று வைக்கவில்லையாம். அதனால் குளிக்கிற எல்லோரும் பாடுவார்கள். பாட்டு கேட்டால் உள்ளே ஆள் இருக்கிறது என்று அர்த்தம். மாதா பாட்டு, சினிமாப் பாட்டு, எது வாயில் வருகிறதோ அது. பெனிட்டாவுக்குப் பாட வராது, அவள் வாய்ப்பாடு சொல்வாள், பதினாறாம் வாய்ப்பாட்டைச் சொல்லிக்கொண்டே ஒரு கையால் கதவைப் பிடித்துக்கொண்டு ஒரு கையால் தண்ணீர் ஊற்றிக்கொள்வாள், கண்ணில் சோப்பு போனாலும் கதவிலிருந்து கையை எடுக்க மாட்டாள். இந்தக் கதையை ஒருநாள் பேச்சுவாக்கில் சொன்னபோது பவுனக்கா சிரிக்கவில்லை. அவள் சொன்னது வேறு. அந்தக் கழிப்பறைக்குள்ள நான் காசு குடுத்துப் போவேன் பாப்பா, தெரியுமா? எதுக்கும் இல்ல. உள்ள போய்த் தாப்பாளப் போட்டுட்டுச் சும்மா நிப்பேன். யாரும் தெறக்க முடியாதுல்ல, அதுக்கு. கொஞ்ச நேரந்தான், வெளிய தட்ட ஆரம்பிச்சிருவாங்க. போன வாரம் அவள் இந்த ரூமில் வந்து படுக்கச் சம்மதித்ததும் ஒரே ஒரு கேள்விக்குப் பிறகுதான். ஜன்னல் இருக்கா, ஃபேன் இருக்கா என்று கேட்கவில்லை. உள்ள தாப்பா இருக்கா பாப்பா? இருக்குக்கா என்று பெனிட்டா சட்டென்று சொல்லிவிட்டாள், எல்லாக் கதவிலும் இருப்பதுதானே.

இருப்பதுதானே. ஆனால் அது ஸ்கூட்டர் நிற்கிற ரூம். மாமனார் இருந்தவரை வெளியே பூட்டுப் போடுவார், சாவியை ஆணியில் மாட்டுவார். ஸ்கூட்டர் உள்ளேயிருந்து எதற்குத் தாழ்ப்பாள் போட்டுக்கொள்ளும்? அந்தக் கதவுக்கு உள்பக்கம் என்று ஒன்று இருப்பதை அந்த வீட்டில் ஒருவரும் யோசித்ததே இல்லை, கிறிஸ்துமஸுக்குக் கிறிஸ்துமஸ் மாமனார் பச்சைப் பெயிண்ட் அடிக்கும்போது தாழ்ப்பாளின் மேலேயும் சேர்த்து அடித்துக்கொண்டே போயிருப்பார். கீழ்த்தாழ்ப்பாள் பெயிண்டில் இறுகிப் போயிருக்கும், மேல்தாழ்ப்பாள் உயரத்தில் இருக்கிறது. அதை எட்ட வேண்டுமானால் பவுனக்கா வலது கையைத் தூக்க வேண்டும், வலது கையில்தான் ஊன்றுகோல் இருக்கிறது, ஊன்றுகோலை விட்டால் அவளால் நிற்க முடியாது. விடுகிறாள். டொக். கதவில் சாய்ந்துகொண்டு எட்டிப் பார்க்கிறாள், கால் மடிகிறது, கதவோடு கதவாக வழுக்கிக் கீழே வருகிறாள். சர்ர். மறுபடி எழுந்திருக்கிறாள். கடவுளே, எவ்வளவு நேரமாக.

பெனிட்டா உள்ளே ஓடினாள். ரூபியைத் தனியாக விட்டுப் போக முடியாது, தூக்கிக்கொண்டு இருட்டில் போகவும் பயம், தூளிக்கும் வாசலுக்குமாக இரண்டு தரம் நடந்தாள், பிறகு தூங்குகிற குழந்தையை அப்படியே அள்ளித் தோளில் போட்டுக்கொண்டாள். அதற்குத் தேய்த்துவிடுகிற தேங்காய் எண்ணெய்ப் புட்டியை இடுப்பில் செருகினாள், பூரிக்கட்டையைக் கையில் எடுத்தாள், அது சுத்தியலுக்கா திருடனுக்கா என்று கேட்டிருந்தால் பதில் சொல்லத் தெரிந்திருக்காது. குறுக்குக் கம்பி, கீழ்த்தாழ்ப்பாள், மேல்தாழ்ப்பாள். மூன்றும் சத்தம் போட்டன. முற்றத்தில் மழைத் தண்ணீர் தேங்கியிருந்தது, செருப்பில்லாத காலுக்கு ஜில்லென்று இருந்தது. ஸ்கூட்டர் ரூமில் சத்தம் சட்டென்று நின்றுவிட்டது. கதவுக்கு அந்தப் பக்கம் யாரோ மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்பது அவளுக்குத் தெரிந்தது, இந்தப் பக்கம் அவளும் அப்படித்தான் நின்றாள்.

"யாரு?" என்றது உள்ளே.

"நான்தான்."

"நாந்தான்னா யாரு? கையில இரும்பு வச்சிருக்கேன், தெரியும்ல?"

"நான் பெனிட்டாக்கா. கையில பூரிக்கட்டை வச்சிருக்கேன்."

பிறகு உள்ளே ஒரு சிரிப்பு கிளம்பியது, இருமலாக மாறி, மறுபடி சிரிப்பானது. அடப்பாவி, கம்ப்யூட்டர் பாப்பாவா, நீ தாப்பாளையெல்லாம் தெறக்கற சத்தத்தக் கேட்டு எவனோ உங்க வீட்டுல பூந்துட்டான்னு நெனச்சேன், நம்மால என்ன ஆகும், இருந்தாலும் ஒரு அடியாவது வைப்போம்னு தடியத் தூக்கிக்கிட்டு நிக்கறேன் என்றாள். பெனிட்டா கதவைத் தள்ளினாள், உள்ளே குண்டு பல்பு மஞ்சளாக எரிந்தது. பவுனக்கா சுவரில் சாய்ந்து நின்றாள், முழங்கை தோல் வழன்றிருந்தது, மூட்டை கட்டாமல் பிரித்தபடி கிடந்தது. அது பிரிந்து கிடப்பதைத்தான் பெனிட்டா முதலில் பார்த்தாள். போகிற எண்ணம் இல்லை. சாப்பிட்ட தட்டைக்கூடக் கழுவிக் கவிழ்த்து வைத்திருக்கிறாள். மன்னிச்சுக்குங்கக்கா, நான் போடறதக் கேட்டிருப்பீங்க, எனக்கு எப்பவுமே பயம் என்று ஆரம்பித்தாள். பவுனக்கா கையை ஆட்டி நிறுத்தினாள். கேட்டேன். மூணு போட்ட. அத வச்சுத்தான் நமக்கும் இங்க ஒண்ணு இருக்கும்னு தேட ஆரம்பிச்சேன். போடாதவளா இருந்தாத்தான் எனக்குப் பயமாருக்கும், இவ என்ன ஊரு தெரியாத பொண்ணா இருக்காளேன்னு.

மேலே இருப்பது ஆகாது என்று இரண்டு பேரும் கீழ்த்தாழ்ப்பாளுக்கு உட்கார்ந்தார்கள். பெனிட்டாவின் ஒரு தோளில் குழந்தை, அதனால் ஒரு கைதான். பவுனக்காவுக்கும் ஒரு கைதான். ஒருத்தி தாழ்ப்பாளின் குமிழைப் பிடித்துக்கொண்டாள், ஒருத்தி பூரிக்கட்டையால் தட்டினாள். பச்சைப் பெயிண்ட் பொருக்குப் பொருக்காக உதிர்ந்தது, அதற்குக் கீழே இன்னொரு பச்சை, அதற்குக் கீழே நீலம், உங்க மாமனாரு நல்ல பக்திமான் போல, இத்தன கிறிஸ்துமஸா என்றாள் பவுனக்கா. எண்ணெயை ஊற்றி ஆட்டினார்கள். தாழ்ப்பாள் ஒரு முனகலோடு அசைந்தது, ஆனால் தரையில் இறங்குகிற குழி மண்ணடைத்துப் போயிருந்தது. பவுனக்கா வளையலில் கோத்திருந்த ஊக்கு ஒன்றைக் கழற்றி, குனிந்து, கொஞ்சம் கொஞ்சமாகக் குடைந்து எடுத்தாள், காது குடைகிற மாதிரி அவ்வளவு நிதானமாக. பெனிட்டா ரூபியின் முதுகைத் தட்டிக்கொண்டு பார்த்தபடி இருந்தாள். இவ்வளவு பக்கத்தில் உட்கார்ந்து பார்க்கிறோமே, கேஸை மூடினோமா என்று இந்த நேரம் முழுக்க ஒருதரமும் தோன்றவில்லையே என்று நினைத்தாள், நினைத்ததும் தோன்றியது, தோன்றிவிட்டு அதுவாகவே போய்விட்டது.

குழி சுத்தமானதும், காலையில் சொல்ல வேண்டியதை இப்போதே ஒருதரம் சொல்லிப் பார்க்கலாமா என்று பெனிட்டா கேட்டாள். சரி என்றாள் பவுனக்கா, முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு பரீட்சைக்கு உட்கார்ந்த பிள்ளை மாதிரி நிமிர்ந்தாள். பெனிட்டா குரலைத் தடிப்பாக்கிக்கொண்டு கேட்டாள், ஏம்மா, நீ இங்கதான் இருக்கியா? பவுனக்காவின் வாய் திறப்பதற்கு முன்னால் அவள் கை மூட்டையின் மேல் போய்விட்டது. இல்லீங்க ஐ, என்று பாதியில் நிறுத்தி, வாயைப் பொத்திக்கொண்டாள். இன்னொரு தரம் கேட்டாள், இன்னொரு தரம் கை போனது. இரண்டு பேரும் சிரிக்கவில்லை. பவுனக்கா தன் கையைத் தானே வெறித்துப் பார்த்தாள், அது யாருடையதோ மாதிரி. தாழ்ப்பாள் சரியாகிவிட்டது, மற்றது அப்படியேதான் இருக்கிறது, நாளைக்கும் அந்தக் கை முந்திக்கொண்டால்.

"மூஞ்சியப் பாத்தா எனக்குக் கொளறுது பாப்பா," என்றாள் பவுனக்கா. "நீ வெளிய போய் நின்னு கேளு. கதவு இருக்குல்ல, சாத்திக்கறேன்."

பெனிட்டா முற்றத்தில் இறங்கி நின்றாள். கதவு மெதுவாக ஒருச்சாய்ந்து, ஒரு விரல் இடைவெளியில் மஞ்சள் வெளிச்சம் மட்டும் தெரிந்தது. தூறல் ஆரம்பித்திருந்தது, ரூபியின் தலையில் முந்தானையைப் போட்டு மூடினாள். கதவை விரல் முட்டியால் தட்டினாள். உள்ளே கை எங்கே போகிறதோ தெரியவில்லை, தெரியாததே நல்லது. "ஏம்மா," என்றாள், ஆண்குரல் வரவில்லை, தன் குரலேதான் வந்தது, "நீ இங்கதான் இருக்கியா?"

எதிர்வீட்டுத் தோசைக்கல் ஓய்ந்துவிட்டிருந்தது.

"இங்கதான் இருக்கேன்." சொன்ன குரல் ஒருதரம் நின்று தன்னையே கேட்டுப் பார்த்தது போலிருந்தது. பிறகு இன்னும் கொஞ்சம் பெரிதாக, "வேற எங்க இருப்பேன்? இருட்டுன பொறவு வந்து தட்டுறீங்களே சார், பொம்பளை இருக்கற வீடு. காலைல வாங்க."

பெனிட்டா சிரித்துவிட்டாள், சத்தமாகவே, அதில் குழந்தை விழித்துக்கொண்டு சிணுங்கியது, மூச்சு இருக்கிறது, எல்லோருக்கும் மூச்சு இருக்கிறது. வரேம்மா என்று அவள் சொல்வதற்குள் அந்த விரல் இடைவெளி வெளிச்சமும் மூடிக்கொண்டது. உள்ளே ஊன்றுகோலைச் சுவரில் பதமாகச் சாய்க்கிற சத்தம், புடவை தரையில் உட்காருகிற சத்தம், பிறகு பச்சைப் பெயிண்டின் மேல் இரும்பு எண்ணெயோடு வழுக்கி வந்து குழிக்குள் இறங்கியது.